பங்காளி மனை போடுறதுக்கு எங்க வரப்புல 11 கேவி லைனா? சம்மதம் கேக்கவே வேணாமா?

முள்ளுக்கத்திரி எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். விஷயம் தெரிஞ்சவங்க சொல்லுங்க, கொஞ்சம் நீளமாப் போகும்.

நமக்கு அணைக்கட்டு தாலுகா, ஒடுகத்தூர் ரோட்டுல இருந்து உள்ளே போகணும். நான் ஆம்பூர்ல ஷூ கம்பெனியில வேலை. கழனியைப் பாக்கறது நைனாவும் வீட்டுக்காரியும்தான். ஒரு ஏக்கர் முப்பது சென்ட். பாதி கத்திரி (இலவம்பாடி முள்ளு ரகம், வேற எதுவும் நைனா போட மாட்டாரு), மீதி கடலை. மேற்கு வரப்போரமா தென்னை பதினோரு மரம், தாத்தா வெச்சது.

அந்த வரப்புக்கு அந்தாண்ட பெரியப்பா பாகம், மூணு ஏக்கர். 1991-ல பாகப்பிரிவினை ரிஜிஸ்டர் ஆச்சு. அதுக்கு முன்னாடியே அந்த நிலத்துல 11 கேவி (உயர் அழுத்த) லைன் இருக்குது. வடமேற்கு மூலையில நுழைஞ்சு குறுக்கால ஓடி தென்கிழக்கு மூலையில டிரான்ஸ்பார்மர்ல முடியுது. எங்க 5 எச்.பி. மோட்டாருக்கு எல்.டி. (குறைஞ்ச அழுத்த) லைன் அந்த டிரான்ஸ்பார்மர்ல இருந்துதான் வருது. நடுவுல ஒரு கம்பம் அவங்க நிலத்துல. பெரியப்பா இருந்தவரைக்கும் இதைப்பத்தி ஒரு பேச்சு வந்ததில்ல. ஏரு ஓட்டறப்ப கம்பத்தைச் சுத்திக்கினு போவாரு, அவ்ளோதான்.

இப்ப அவர் மகன், எனக்கு அண்ணன் முறை, வேலூர் பார்ட்டி ஒருத்தரோட சேர்ந்து மனை போடறாரு. குறுக்கால லைன் போனா மனை விக்காது. அதனால ஈ.பி.யில பணம் கட்டி லைனை மாத்தறாங்களாம். புது வழி என்னன்னா, வடக்கு ஓரம் ஊராட்சி ரோட்டை ஒட்டி வந்து, எங்க வரப்பு மூலையில திரும்பி, வரப்போட தெற்கே எறங்கி டிரான்ஸ்பார்மருக்குப் போகணும். போன வாரம் டேப் புடிச்சு அளந்துட்டு, சுண்ணாம்புல குறி போட்டுட்டுப் போயிருக்காங்க. வீட்டுக்காரி போய்ப் பாத்தா மூணு குறி வரப்புக்கு இந்தாண்ட, எங்க தென்னைக்கு ஒரு முழத்துல. "இது எங்க நிலமாச்சே"ன்னு கேட்டதுக்கு "ஈ.பி. ஆர்டர் ஆயிடுச்சும்மா, வரப்பு பொதுதானே"ன்னாங்களாம்.

நைனா போய் சத்தம் போட்டாரு. மறுவாரமே வக்கீல் நோட்டீஸ். அதுல ரெண்டு விஷயம். சட்டப்படி நடக்கற வேலையை நாங்க தடுக்கறோமாம், 15 நாள்ல விலகலைன்னா கேஸ். அடுத்தது, எங்க மோட்டார் லைன் அவர் நிலத்து மேல "அனுமதியில்லாம" போகுதாம், அதையும் எடுக்கணுமாம்.

எனக்குத் தெரிய வேண்டியது:
எங்க கையெழுத்து இல்லாம கம்பம் நட முடியுமா? ஸ்டே வாங்கலாமா, எந்தக் கோர்ட்டுல? மோட்டார் லைனை அவர் எடுக்க வெக்க முடியுமா? கத்திரி காய்ப்புல இருக்குது, பத்து நாள் தண்ணி இல்லைன்னா செடி போயிடும். நைனாவுக்கு அந்தக் கவலைதான் பெருசு.

---

ரோடு ரோலர்:

ஆர்டர் கீர்டர்னு பயப்படாதீங்க தலைவா. குழி தோண்ட வர்றன்னைக்கு வீட்டுப் பொம்பளைங்களைக் குழியில உக்கார வைங்க. எங்க ஊர்ல அப்படித்தான் ஒரு கம்பத்தை நிறுத்தினோம். அப்புறம் கோர்ட்ல ஸ்டே போட்டுடுங்க, ரெண்டு வருஷம் ஓடும். அதுக்குள்ள மனை பிசினஸே படுத்துடும்.

---

பழைய போர்மேன், காட்பாடி:

மேல சொன்ன யோசனையைக் கேக்காதீங்க தம்பி. பொம்பளைங்களைக் குழியில உக்கார வெச்சு நின்ன கம்பத்தையும் பாத்திருக்கேன், மறுநாள் போலீஸ் பந்தோபஸ்தோட வந்து நட்ட கம்பத்தையும் நானே நட்டிருக்கேன். "தடுத்தாங்க"ன்னு ஒரு ரிப்போர்ட் போயிட்டா, அப்புறம் உங்க பேச்சு எடுபடாது. வாயால தடுக்காம எழுத்துல ஆட்சேபணை குடுங்க.

போர்டுல ஒயர்மேன்ல ஆரம்பிச்சு போர்மேனா ரிட்டையர் ஆனவன். சட்டம் வக்கீல் யாராவது சொல்வாங்க. எனக்குத் தெரிஞ்சது லைன்.

உங்க அண்ணன் பண்றதுக்கு டெபாசிட் வேலைன்னு பேரு. ஆபீஸ்ல டி.சி.டபிள்யூ.ன்னுவாங்க. லைனை மாத்தணும்னு ஒருத்தர் எழுதிக் குடுப்பாரு, ஏ.இ. (உதவிப் பொறியாளர்) வந்து பாத்து எஸ்டிமேட் போடுவாரு, மேல சாங்ஷன் ஆகும், கேட்டவர் முழுப் பணத்தையும் முன்னாடியே கட்டணும். பணம் அவர் கட்டினாலும் கம்பம், கம்பி எல்லாம் போர்டு சொத்து. அதனால "நான் பணம் கட்டிட்டேன், என் லைன்"னு அவரும் சொல்ல முடியாது, "அவன் லைனு என் நிலத்துல எதுக்கு"ன்னு நீங்களும் சொல்ல முடியாது. உங்க சண்டை அண்ணனோட இல்ல. அந்த ரூட்டோட.

அந்த எஸ்டிமேட் ஃபைல்ல ஒரு ஸ்கெட்ச் இருக்கும். அதைப் பாக்காம ஒரு அடி எடுத்து வெக்காதீங்க. ஏ.இ.கிட்ட மரியாதையா கேட்டாலே பெரும்பாலும் காட்டுவாங்க. காட்டலைன்னா தகவல் உரிமைச் சட்டத்துல பத்து ரூபா கோர்ட் ஸ்டாம்பு ஒட்டிக் கேளுங்க. ஸ்கெட்ச்ல சர்வே நம்பர் போட்டிருக்கா, எந்தெந்த நம்பர்ல கம்பம் காட்டியிருக்குன்னு பாருங்க. நான் பாத்த வரைக்கும் பாதிக் கேஸ்ல ஸ்கெட்ச்ல கம்பம் மனுதாரர் நிலத்துல இருக்கும், சுண்ணாம்பு பக்கத்து நிலத்துல இருக்கும். ஏன்னா குறி போடறது கான்ட்ராக்ட் பசங்க. கூடவே நின்னு "இங்க போடு, அங்க போடு"ன்னு சொல்றது பணம் கட்டினவர். ஏ.இ. அந்த நேரத்துல வேற எங்கயோ பிரேக்டவுன்ல இருப்பாரு.

அடுத்தது வரப்பு. "வரப்பு பொது"ன்னு சொன்னது எந்தச் சட்டமும் இல்ல. எஃப்.எம்.பி. (நில அளவை வரைபடம்) எடுத்துக்கிட்டு சர்வேயரை வெச்சு எல்லைக் கல்லைக் கண்டுபிடிங்க. 91-ல பாகம் பிரிச்சப்ப உட்பிரிவு ஆகியிருந்தா கல் இருக்கணும். உங்க தென்னை வேருக்கடியில கூட இருக்கலாம், சிரிக்காதீங்க, அப்படி ஒண்ணு லத்தேரி பக்கம் நாங்க தோண்டி எடுத்தோம்.

இப்ப முக்கியமான விஷயம். கம்பத்தை அவர் நிலத்துக்குள்ளயே தள்ளி நட்டுட்டா உங்க பிரச்சினை தீர்ந்துடும்னு நினைக்காதீங்க. மூலை இருக்குது பாருங்க, லைன் திரும்பற இடம், அதை யோசிங்க. வடக்கு ஓரமா வர்ற மூணு கம்பியும் மூலைக் கம்பத்தை மேற்கே இழுக்கும். அந்த இழுவையைப் பிடிச்சு நிறுத்த ஸ்டே கம்பி எதிர்ப்பக்கம், கிழக்கே போய்த்தான் மண்ணுல இறங்கணும். கிழக்கே யாரு? நீங்க. தெற்கே போற கம்பிக்கு எதிரா இன்னொரு ஸ்டே வடக்கே, அது ரோட்டோரம், அது பத்திக் கவலையில்ல. ஆக கம்பம் அவர் நிலத்துல, ஸ்டே உங்க கத்திரிப் பாத்தியில. ஸ்கெட்ச்ல ஸ்டேவை ஒரு சின்னக் கோடா போட்டிருப்பாங்க, கண்ணுலயே படாது. நட்டப்புறம் டிராக்டர் திருப்பறப்பதான் தெரியும். அதுல மாட்டைக் கட்டறது, துணி காயப்போடறது, மழையில லீக்கேஜ் வந்து மாடு சாகறது, இதெல்லாம் பிற்பாடு.

இதுக்கு ரெண்டு வழி உண்டு. ஸ்டேக்கு பதிலா முட்டுக் கம்பம் குடுக்கலாம். ஸ்டே வெளிப்பக்கமா இழுத்துப் பிடிக்கும், முட்டு உள்பக்கமா நின்னு தாங்கும், அது அவர் நிலத்துல விழும். இல்லைன்னா திருப்பத்தையே மேற்கே தள்ளிப் போடலாம். மனை போடறார்னா உள்ளே ரோடு விடாம முடியாது. அந்த ரோட்டோரமா லைனைத் தெற்கே இறக்கட்டும். ரோடு எப்படியும் ஊராட்சிக்கு தான செட்டில்மென்ட் எழுதிக் குடுக்கணும், அங்க மனை விக்கப் போறதில்ல. கம்பம், ஸ்டே, கம்பி எல்லாம் அவர் இடத்துக்குள்ளயே முடிஞ்சிடும். நான் ஏ.இ.யா இருந்தா முதல்லயே இதைத்தான் சொல்லியிருப்பேன்.

இன்னொண்ணு, கம்பி காத்துல தொங்கறதால நிலம் போகலைன்னு நினைக்காதீங்க. 11 கேவிக்கு வழி அகலம் 7 மீட்டர் கணக்கு, மையத்துல இருந்து ரெண்டு பக்கமும் மூணரை. வரப்பு மேலேயே லைன் போச்சுன்னா மூணரை மீட்டர் நீளவாக்குல உங்களுது. அதுக்குள்ள தென்னை நிக்க விட மாட்டாங்க. தென்னை மட்டை ஒண்ணு விழுந்தா ஃபீடரே (மெயின் லைனே) ட்ரிப் ஆகும். வருஷா வருஷம் மரம் வெட்ட ஆள் வருவான், வெட்டறவனுக்கு நம்ம மரம்னு ஒரு இரக்கமும் இருக்காது.

மோட்டார் சர்வீஸ் (கரண்ட் இணைப்பு) யார் பேர்ல இருக்குது? தாத்தா பேர்லயேவா? இருந்தா முதல்ல பேர் மாத்துங்க.

---

முள்ளுக்கத்திரி:

ஐயா ரொம்ப நன்றி. ஸ்டே கம்பி விஷயம் எங்க யாருக்கும் தோணவேயில்ல. சர்வீஸ் தாத்தா பேர்லதான் இருக்குது, இலவசக் கரண்டுதானே, பில்லும் வராது, யாரும் கண்டுக்கல. ஸ்கெட்ச் கேக்கப் போறேன்.

---

சத்துவாச்சாரி கோர்ட் வாசல்:

போர்மேன் ஐயா சொன்னது எல்லாம் சரி. சட்டப் பக்கத்தை நான் சொல்றேன். வேலூர்ல பிராக்டிஸ் பண்றேன்.

சம்மதம் வேணுமா? 2003 மின்சாரச் சட்டத்துல ரெண்டு பாதை. ஒண்ணு, 67-ஆவது பிரிவும் அதன் கீழ் 2006-ல மத்திய அரசு போட்ட லைசென்சி வேலைகள் விதிகளும். அதுல, ஏற்கனவே லைன் இல்லாத நிலத்துல புதுசா லைன் கொண்டு போக உரிமையாளரோட முன் சம்மதம் வேணும், அவர் ஆட்சேபிச்சா மாவட்ட ஆட்சியரோட எழுத்து அனுமதி வேணும், ஆட்சியர் இழப்பீடும் நிர்ணயிக்கணும். இன்னொண்ணு 164-ஆவது பிரிவு. அரசு அந்த அதிகாரத்தைக் குடுத்துட்டா மின் நிறுவனத்துக்கு 1885 தந்திச் சட்டத்தோட அதிகாரம் வந்துடும். அதுல முன் சம்மதம் தேவையில்லை, 2016-ல பவர் கிரிட் எதிர் செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்குல உச்ச நீதிமன்றமும் அதை உறுதி பண்ணிடுச்சு. ஆனா அந்தப் பாதையிலயும் நீங்க எதிர்ப்பு தெரிவிச்சா, தந்திச் சட்டம் 16-ஆவது பிரிவின்படி மாவட்ட மாஜிஸ்திரேட் உத்தரவு வாங்கித்தான் மேல போகணும். அதாவது நம்ம கலெக்டர். எந்தப் பாதையில போனாலும் ஃபைல் அங்கதான் வந்து நிக்கும். தந்திச் சட்டத்தை 2023 தொலைத்தொடர்புச் சட்டம் எடுத்துடுச்சேன்னு யாராவது சொன்னா நம்பாதீங்க. மின் லைனுக்குத் தேவையான பகுதியை மட்டும் அப்படியே விட்டு வெச்சிருக்காங்க.

அதனால "ஈ.பி. ஆர்டர் ஆயிடுச்சு" என்பது உங்க அண்ணனுக்கும் மின் நிறுவனத்துக்கும் நடுவுல உள்ள சாங்ஷன். உங்க நிலத்துல நடறதுக்கு அது உத்தரவு ஆகாது.

இப்ப பலரும் கவனிக்காத ஒரு பிரிவு. தந்திச் சட்டம் 17. தன் நிலத்துல இருக்கற லைன் தனக்கு இடைஞ்சல்னு நினைக்கறவர், அதை மாத்தச் சொல்லிக் கேக்கலாம், மறுத்தா கலெக்டர்கிட்டயும் போகலாம். உங்க அண்ணனுக்கு அந்த உரிமை முழுசா உண்டு, அதை மறுக்காதீங்க. ஆனா அந்தப் பிரிவு என்ன சொல்லுது? அதே சொத்தோட வேற பகுதிக்கு மாத்தணும், இல்ல உயர்த்தணும், தாழ்த்தணும், வடிவத்தை மாத்தணும். அடுத்தவர் சொத்துக்கு மாத்தச் சொல்லிக் கேக்க அதுல இடமே இல்லை. உங்க ஆட்சேபணை மனுவுல முதல் பத்தி இதுதான். அடுத்த பத்தி 10(டி): முடிஞ்ச வரைக்கும் குறைஞ்ச சேதத்தோட வேலை செய்யணும், ஆன சேதத்துக்கு முழு இழப்பீடு குடுக்கணும். அவர் நிலத்துக்குள்ளயே ரோட்டோரமா வழி இருக்கறப்ப பதினோரு தென்னை போற வழியை எடுக்கறது குறைஞ்ச சேதமா? இதைக் கேளுங்க. போர்மேன் ஐயா சொன்ன மாற்று ரூட்டை ஒரு படமா வரைஞ்சு கூட வைங்க. வெறும் "எங்களுக்கு வேண்டாம்" மனுவை விட, வேற வழியைக் காட்டற மனுவுக்கு மதிப்பு அதிகம்.

ஊர் முழுக்கக் கரண்ட் குடுக்கற லைன்னா கதை வேற. அப்ப பொது நலன்னு வரும், நாமதான் வழி விடணும். இது ஒருத்தர் மனை விக்கறதுக்காக மாத்தற லைன். இந்த வித்தியாசத்தை மனுவுல அழுத்திச் சொல்லுங்க.

மனுவை ஏ.இ., செயற்பொறியாளர் ரெண்டு பேருக்கும் குடுத்து நகல்ல சீல் வாங்குங்க. திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்துலயும் ஒண்ணு பதிவு பண்ணுங்க. வக்கீல் நோட்டீஸுக்கு பதில் நோட்டீஸ் கட்டாயம். சும்மா விட்டா நாளைக்கு "மறுக்கவே இல்லை"ன்னு வாதாடுவாங்க.

கோர்ட் ஸ்டே பத்தி: சிவில் கோர்ட்ல நிரந்தர உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு) கேட்டு வழக்குப் போடலாம்தான். ஆனா 2018 திருத்தத்துக்கு அப்புறம் குறிப்பிட்ட பரிகாரச் சட்டத்துல, மின் விநியோகம் உட்பட உள்கட்டமைப்புத் திட்டங்களைத் தாமதப்படுத்தற மாதிரி தடை உத்தரவு குடுக்கக் கூடாதுன்னு வந்திருக்கு. இது திட்டமே இல்லை, தனியார் வேலைன்னு நாம சொல்லலாம், எதிர்த்தரப்பு வேற மாதிரி சொல்லும். முதல் கதவு கலெக்டர் ஆபீஸாவே இருக்கட்டும். கோர்ட்டுல இப்போதைக்கு ஒரு கேவியட் மட்டும் போட்டு வைங்க. அவங்க முந்திக்கிட்டு வழக்குப் போட்டா உங்களைக் கேக்காம இடைக்கால உத்தரவு வராது. 90 நாள் நிக்கும்.

மோட்டார் லைன்: அந்த மிரட்டலுக்குச் சட்டத்துல ஒண்ணும் இல்லை. அது உங்க லைன் இல்லை, மின் நிறுவனத்தோட லைன். எடுக்கணும்னா அவரும் எழுதிக் குடுத்து, பணம் கட்டி, மாற்று வழியில உங்களுக்கு சப்ளை வர்ற மாதிரித்தான் கேக்க முடியும். கோபத்துல கம்பியை அறுத்தா மின்சாரச் சட்டம் 140-ஆவது பிரிவு, பத்தாயிரம் ரூபா வரைக்கும் அபராதம். மின் நிறுவனமே கூட பில் பாக்கிக்காகத் துண்டிக்கணும்னா 15 நாள் முன்னறிவிப்பு குடுக்கணும். நைனாவை நிம்மதியா தண்ணி பாய்ச்சச் சொல்லுங்க.

---

மனைக்குச் சொந்தக்காரன்:

எல்லாரும் ஒரு பக்கமாவே பேசறீங்க. அந்த அண்ணன் நிலைமையை யோசிச்சீங்களா? மூணு ஏக்கர் நிலத்துல குறுக்கால லைன். அவர் கேட்டா வந்துது? நான் காட்பாடி தாண்டி ஒரு மனை வாங்கிட்டு அனுபவிக்கிறேன். கிரயப் பத்திரத்துல லைன் பத்தி ஒரு வரி இல்லை. மேல போற 11 கேவிக்கு மொட்டை மாடியில இருந்து 3.7 மீட்டர் உயரம் விடணும், பக்கவாட்டுல 1.2 மீட்டர் விடணும். முதல் மாடி கட்டவே முடியாது. பேங்க்குல லோன் தரலை. மாத்தலாம்னா நாலு பக்கமும் இருக்கறவங்க "எங்க பக்கம் வராதே"ங்கறாங்க. ஒருத்தர் வாயைத் திறந்து ரெண்டு லட்சம் கேட்டாரு. அவர் வீட்டுக்குப் போற கரண்டும் என் தலைக்கு மேல போற அந்த லைன்லதான்.

மோட்டாருக்குக் கரண்ட் வேணும், லைன் மட்டும் பெரியப்பா நிலத்துலயே இருக்கணும், இது நியாயமா?

---

பழைய போர்மேன், காட்பாடி:

நியாயமான கேள்வி. தம்பி நைனா இத்தனை வருஷம் அந்த லைன்ல தண்ணி பாய்ச்சினாரு, பெரியப்பா கம்பத்தைச் சுத்தி ஏர் ஓட்டினாரு. அந்தக் கணக்கு எந்த எஸ்டிமேட்லயும் வராது. மாத்தறதைத் தடுக்கச் சொல்லலை. அவர் நிலத்துக்குள்ளயே மாத்த இடம் இருக்குது, இவரும் அதுக்குத் துணையா நிக்கட்டும்னுதான் சொல்றேன்.

உங்க மனைக்கு ரோட்டோர வழி இல்லைன்னா, அந்த ஒரு ஸ்பேனை (ரெண்டு கம்பத்துக்கு நடுவுல உள்ள லைனை) மட்டும் கேபிளா மாத்த முடியுமான்னு எஸ்டிமேட் கேளுங்க. செலவு ஜாஸ்திதான், ஆனா ரெண்டு லட்சத்தை அந்த மனுஷனுக்குக் குடுக்கறதுக்கு பதிலா போர்டுல கட்டலாம். உயரம் அளக்கறதுன்னா காலையில அளக்காதீங்க. சித்திரை, வைகாசி மத்தியானத்துல அளங்க. நம்ம வேலூர் வெயிலுக்கு கம்பி நீண்டு தொங்கும், மார்கழியில சரியா இருக்கற உயரம் அக்னி நட்சத்திரத்துல இருக்காது.

---

குடியாத்தம் மருமக:

எங்க மாமியார் வீட்டுக்கு சர்வீஸ் ஒயர் பக்கத்து வீட்டு மாடி மேல போகுது. அவங்க மேல ரூம் எடுத்தப்ப ஒரே சண்டை. கடைசியில தெருக் கம்பத்துல இருந்து நேரா எங்க வீட்டுக்கு இழுக்க எங்க செலவுலயே எழுதிக் குடுத்தோம், ஒரு வாரத்துல முடிஞ்சுது. எங்க வீட்டுக்காரர் கேஸ் போடணும்னுதான் குதிச்சாரு. ரெண்டு வீட்டுக்கும் நடுவுல கல்யாணப் பேச்சு ஓடிக்கிட்டிருந்துது, அதனால தப்பிச்சோம்.

---

ரோடு ரோலர்:

வக்கீல் சார், இழப்பீடு எவ்ளோ வரும்? மரத்துக்கு ரேட் இருக்கா?

---

சத்துவாச்சாரி கோர்ட் வாசல்:

ஒரே ரேட்னு எதுவும் இல்லை. மரத்தோட வயசு, காய்ப்பு, இனி எத்தனை வருஷம் காய்க்கும், எல்லாம் பாப்பாங்க. நிலத்தோட மதிப்புக் குறைவையும் கேக்கலாம். 2007-ல கேரள மின்வாரியம் எதிர் லிவிஷா வழக்குல உச்ச நீதிமன்றம் சொன்னது: நிலம் எங்க இருக்கு, லைன் நிலத்தோட ஓரமா போகுதா நடுவுல போகுதா, எவ்வளவு பரப்பு பாதிக்குது, இதையெல்லாம் தனித்தனியாப் பாக்கணும். குடுத்த தொகை பத்தலைன்னா மாவட்ட நீதிபதிகிட்ட மனு போடலாம், தந்திச் சட்டம் 16(3). ஆனா முள்ளுக்கத்திரி சார், நீங்க இழப்பீட்டுப் பேச்சை இப்ப ஆரம்பிக்காதீங்க. தொகை பேசினா ரூட்டை ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்.

---

முள்ளுக்கத்திரி:

எல்லாருக்கும் நடந்ததைச் சொல்லிடறேன்.

ஸ்கெட்ச் பாத்தேன். போர்மேன் ஐயா வாக்கு அப்படியே. தெற்கே எறங்கற கம்பம் எல்லாம் அண்ணன் சர்வே நம்பர்லதான் காட்டியிருக்காங்க. எங்க நம்பர்ல ஒரே ஒரு கோடுதான், மூலையில சின்னதா. அது என்னன்னு கேட்டேன், "ஸ்டே"ன்னாங்க. அப்ப சுண்ணாம்புக் குறி எப்படி எங்க பக்கம் வந்துதுன்னு கேட்டேன். ஏ.இ. அம்மா என்னை ஒரு தடவை பாத்தாங்க, ஸ்கெட்ச்சை ஒரு தடவை பாத்தாங்க, "நான் வந்து பாக்கறேன்"னாங்க. வந்தாங்களும். புதுசா வந்தவங்க போல, வரப்புல செருப்பைக் கையில புடிச்சுக்கிட்டு கடைசி வரைக்கும் நடந்தாங்க.

சர்வேயர் கல்லைக் கண்டுபிடிச்சாரு. வேருக்கடியில இல்லைங்க ஐயா, வாய்க்கால் மடையில கரையா வெச்சுக் கட்டியிருந்தாங்க. அதுப்படி பாத்தா தென்னை பதினொண்ணும் எங்களுதுதான், வரப்பும் முக்கால்வாசி எங்களுது.

பதில் நோட்டீஸ் குடுத்தாச்சு, கேவியட் போட்டாச்சு, திங்கட்கிழமை மனுவும் பதிவாகியிருக்கு. அண்ணன் வீட்டுக்கு நைனா நேர்ல போக மாட்டேன்னுட்டாரு. நான்தான் பொய்கை சந்தையில எதேச்சையா பாக்கற மாதிரி பாத்துப் பேசினேன். மாடு புடிக்க வந்திருந்தாரு. மொதல்ல முகம் குடுக்கலை. 17-ஆவது பிரிவுன்னு நான் சொன்னதும் "உனக்கு யார்றா இதெல்லாம் சொல்றது"ன்னாரு. ரோட்டோர வழியைப் பத்திச் சொன்னேன். ரோட்டோரமா போட்டா லேஅவுட் ரோடு வடக்குப் பக்கம் ரெண்டு மனை முகப்பு அடிபடும்னு அந்த வேலூர் பார்ட்டி ஒத்துக்க மாட்டேங்கறாராம். ஆனா மூலையில திருப்பத்தை மேற்கே தள்ளி, முட்டுக் கம்பம் போட்டு, வரப்புல இருந்து நாலு மீட்டர் உள்ளே தெற்கே எறக்கறதுக்குத் தனக்கு ஆட்சேபணை இல்லைன்னாரு. அந்த நாலு மீட்டரை மனைக்குப் பின்பக்கக் காலியிடமா காட்டிக்கலாமாம். மூணரைக்கு மேல இருக்கறதால தென்னையைத் தொட மாட்டாங்க, சரிதானே ஐயா?

ஏ.இ. அம்மா ரிவைஸ்டு ஸ்கெட்ச் போட அண்ணன்கிட்ட புது லெட்டர் கேட்டிருக்காங்க. அது வந்து, முட்டுக் கம்பம்னு அதுல எழுதியிருக்கறதைப் பாத்தப்புறம்தான் கலெக்டர் ஆபீஸ் மனுவைத் திரும்ப வாங்குவேன். சர்வீஸ் பேர் மாத்தறதுக்கு வாரிசு சான்று போட்டிருக்கேன்.

இன்னொண்ணு. எங்க மோட்டார் எல்.டி. கம்பம் இப்ப ஒரு மனைக்கு நடுவுல வருது. அதை எடுத்துட்டு வரப்போரமா எங்க பக்கம் நட்டுக்கறேன்னு நானே அண்ணன்கிட்ட சொல்லிட்டேன். செலவு அவருது. நைனாவுக்கு இன்னும் சொல்லலை.

---

பழைய போர்மேன், காட்பாடி:

தென்னைக்குச் சரி. மட்டை சாயற பக்கம் மட்டும் வருஷம் ஒரு தடவை நீங்களே கழிச்சு விட்டுடுங்க, வெட்டற ஆளை உள்ளே விடாதீங்க.

எல்.டி.யை மாத்தறப்ப பழைய திறந்த கம்பியையே இழுக்க விடாதீங்க. ஏ.பி. கேபிள்னு (உறை போட்டு முறுக்கின கேபிள்) எஸ்டிமேட்ல எழுதச் சொல்லுங்க, தென்னையோரம் போறதால. வேலை நடக்கறன்னைக்கு ரெண்டு மூணு நாள் சப்ளை இருக்காது, அதுக்கு முந்தின நாளே கத்திரிக்குப் பாய்ச்சிடுங்க. நைனாகிட்ட இன்னிக்கே சொல்லிடுங்க, கான்ட்ராக்ட் பசங்க வாயில இருந்து அவருக்குத் தெரிய வேணாம்.